எல்லாரும் சும்மா நின்றபோது ஒருவர் மட்டும் எதிர்த்து நின்றதை நேரில் பார்த்திருக்கிறீர்களா? (அனுபவப் பகிர்வு)

தரைத்தளம்

ஒரு விஷயம் மனதை விட்டுப் போகமாட்டேன் என்கிறது. எழுதினால் குறையுமோ என்று போடுகிறேன். உங்களுடையதையும் எழுதுங்கள். பதக்கம் வாங்கியவர்கள் கதை வேண்டாம், அது பேப்பரிலேயே வந்துவிடும்.

தாம்பரம் பக்கம் எங்கள் அடுக்குமாடி. செப்டிக் டேங்க் கதைதான், எல்லாருக்கும் தெரிந்ததுதான். லாரி உறிஞ்சியது போக அடியில் சேறு கட்டியாக நின்றுவிட்டது, குழாய் இழுக்கவில்லை. லாரிக்காரர் கூட வந்த பையன் சட்டையைக் கழற்றிவிட்டு, இடுப்பில் கயிறு கட்டிக்கொண்டு, விளிம்பில் உட்கார்ந்து காலைத் தொங்கவிட்டான். சங்கச் செயலாளரும் நாங்கள் ஏழெட்டுப் பேரும் சுற்றி நிற்கிறோம். “பத்து நிமிஷ வேலை சார்” என்கிறார் லாரிக்காரர்.

கீழ் வீட்டில் வாடகைக்கு இருந்த ஓர் அம்மா, புடவைக்கு ஃபால்ஸ் தைத்துக் கொடுப்பவர், கையில் ஊசியோடு வெளியே வந்தார். “எழுந்திரு தம்பி” என்று அவன் தோளைத் தொட்டார். அவன் எழுந்ததும் சிமென்ட் மூடியை அவரே இழுத்தார். ஒரு ஆளால் இழுக்கிற மூடி இல்லை அது. தரையில் உரசி உரசிப் பாதி மூடியது. மேலே பிளாஸ்டிக் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்துவிட்டார்.

“நீங்க வாடகைக்கு இருக்கிறவங்க, இதுல தலையிடாதீங்க” என்றார் செயலாளர்.

“ஆமா, வாடகைக்குத்தான் இருக்கேன். ஏதாவது ஒண்ணு ஆச்சுன்னா போலீஸ் முதல்ல தட்டுறது தரைத்தளத்துக் கதவைத்தானே.”

கைதட்டல் எதுவும் இல்லை. முதலில் கோபப்பட்டது அந்தப் பையன்தான். “அக்கா, என் கூலிய நீங்க தருவீங்களா?” என்று கத்தினான். அவர் உள்ளே போய்ப் பணம் எடுத்து வந்து கொடுத்தார். அவன் எண்ணிப் பார்த்துவிட்டு “இன்னும் இருநூறு” என்றான். அதையும் கொடுத்தார். வாங்கிக்கொண்டு திட்டிக்கொண்டே லாரியில் ஏறினான்.

அடுத்த மாதம் வீட்டுக்காரர் மகனுக்குக் கல்யாணம் என்று சொல்லி அந்த அம்மாவைக் காலி செய்யச் சொன்னார். கல்யாணம் இன்னும் நடக்கவில்லை. வீட்டில் வேறு குடித்தனம் வந்தாகிவிட்டது.

---

ஏரிக்கரை

எங்கள் ஊர் கிராமசபை. கிராமசபை எப்படி நடக்கும் என்று தெரியும்தானே? இரண்டாயிரம் பேர் இருக்கிற ஊராட்சியில் கோரத்துக்கு, அதாவது கூட்டம் செல்லுபடியாக, நூறு பேர் வேண்டும். பந்தலில் முப்பது பேர் இருப்பார்கள். மீதிக் கையெழுத்தை நோட்டோடு வீடு வீடாகப் போய் வாங்கிவிடுவார்கள்.

அன்றைக்கு ஆகஸ்ட் 15. கொடி ஏற்றி மிட்டாய் கொடுத்தாயிற்று. வெயில். நூறு நாள் வேலைக்குப் போகிற ஒரு பாட்டி வரிசையில் வந்தார். கிளார்க் அவர் கட்டைவிரலைப் பிடித்து ஊதா மையில் அழுத்தி நோட்டுப் பக்கம் இழுத்தார். பாட்டி கையைத் தூக்கிக்கொண்டார்.

“என்ன எழுதியிருக்குன்னு படி. அப்புறம் வைக்கிறேன்.”

கிளார்க் தலைப்பை மட்டும் படித்தார். “முழுசாப் படி” என்றார். பின்னால் ஆட்கள் முணுமுணுக்கிறார்கள். தலைவர் சிரித்துக்கொண்டே “ஏன் ஆயா, உனக்குப் படிச்சா மட்டும் புரியுமா?” என்று கேட்டார். “புரியலைன்னா திரும்பப் படிக்கச் சொல்லுவேன்” என்றது பாட்டி. விரலைத் தூக்கியபடியே நின்றார். மை காய்ந்தே போய்விட்டது.

அவரை வரிசையிலிருந்து இழுத்துக்கொண்டு போனது தலைவரின் ஆள் என்று நினைக்காதீர்கள். அவர் பெற்ற மகன்.

---

பழைய மாணவன்

நான் எழுதப்போவதைப் படித்துவிட்டு எல்லாரும் திட்டுவீர்கள், பரவாயில்லை. எனக்கு இன்னும் அந்த டீச்சர்மேல் கோபம் இருக்கிறது.

பத்தாம் வகுப்புப் பொதுத்தேர்வு, கணக்கு. எங்கள் பள்ளி நூறு சதவீதம் காட்டுகிற பள்ளி. எப்படிக் காட்டுகிறது என்று ஊருக்கே தெரியும். ஒரு மார்க் விடைகளை எங்கள் ஆள் ஒருவர் வந்து கரும்பலகையில் வரிசையாக எழுதிவிட்டுப் போனார், 1 அ, 2 ஈ என்று. நாங்கள் காப்பியடிக்க ஆரம்பித்திருந்தோம். அறைக் கண்காணிப்புக்கு வேறு பள்ளியிலிருந்து வந்திருந்த டீச்சர் டஸ்டரைத் தேடினார். டஸ்டரை முன்னாடியே எடுத்து வைத்துவிட்டார்கள். முந்தானையைச் சுருட்டிப் பலகையைத் துடைத்தார். கறுப்பு முந்தானை, பாதிக்குமேல் வெள்ளையாகிவிட்டது. எங்களைப் பார்த்து ஒரு வார்த்தை சொல்லவில்லை. போய் நாற்காலியில் உட்கார்ந்துகொண்டார்.

பக்கத்து அறைகளில் துடைக்கவில்லை. அங்கே இருந்தவனுக்கெல்லாம் எங்களைவிடப் பத்துப் பன்னிரண்டு மார்க் கூட. பாலிடெக்னிக் கவுன்சலிங்கில் அந்த வித்தியாசம் என்ன செய்யும் என்று உங்களுக்குத் தெரியும். நேர்மை அவருக்கு, கணக்கு எங்களுக்கு. அவருக்கு அதில் என்ன போயிற்று? மாலையில் பஸ் ஏறிப் போய்விட்டார்.

---

தேர்வுப் பணி

பழைய மாணவன், கோபப்பட உங்களுக்கு உரிமை இருக்கிறது. ஆனால் “அவருக்கு என்ன போயிற்று” என்பதை மட்டும் விடமுடியாது. நான் அந்த நாற்காலியில் பல வருஷம் உட்கார்ந்தவன்.

வெளிப் பள்ளிக்கு டியூட்டி போகிறவருக்கு அங்கே ஒரு ஆள் துணை கிடையாது. முதன்மைக் கண்காணிப்பாளர், துறை அலுவலர் எல்லாரும் அந்தப் பள்ளித் தாளாளர் போட்ட சாப்பாட்டைச் சாப்பிட்டுவிட்டுத்தான் உட்கார்ந்திருப்பார்கள். நீங்கள் பலகையைத் துடைத்தால் அன்றைக்கு உங்களுக்கு டீ வராது. சிரிக்காதீர்கள், டீ வராது என்றால் என்ன அர்த்தம் என்று ஸ்டாஃப் ரூமில் இருந்தவர்களுக்குத் தெரியும். மறுநாள் டியூட்டி பட்டியலில் இரண்டு பஸ் மாறிப் போகிற ஊருக்குப் பேர் போட்டிருக்கும். “மேடம் ரொம்ப ஸ்டிரிக்ட்” என்று ஒரு பேச்சு உங்களுக்கு முன்னால் அங்கே போய்ச் சேர்ந்திருக்கும். விடைத்தாள் திருத்தும் மையத்தில்கூட உங்கள் மேஜைக்கு யாரும் வரமாட்டார்கள்.

பறக்கும் படை வந்தால் யார் மாட்டுவார்? எழுதிப் போட்ட உங்கள் பள்ளி ஆள் அல்ல, அறையில் இருக்கிற கண்காணிப்பாளர்தான். அதனால் அவர் பயந்துதான் துடைத்தார் என்று சொல்பவர்களும் உண்டு. பயந்தவர் கண்டும் காணாமல் வெளியே வராந்தாவில் நிற்பார் ஐயா. நாங்கள் எல்லாரும் அப்படித்தான் நிற்போம்.

---

பழைய மாணவன்

டீ வராதது எனக்குத் தெரியாது. மார்க் வராதது தெரியும்.

---

ஹெல்மெட் போடுங்க

மதுராந்தகம் தாண்டி ஜி.எஸ்.டி. ரோட்டில் ஒரு விபத்து. கார்கள் எல்லாம் வேகத்தைக் குறைத்துப் பார்த்துவிட்டுப் போகின்றன. ஷேர் ஆட்டோக்காரர் ஒருவர் பயணிகளை எல்லாம் இறக்கிவிட்டு, அடிபட்டவரை ஏற்றிக்கொண்டு போனார். இறங்கிய ஒருவர் “அப்ப காசைத் திருப்பிக் கொடு” என்று கேட்டார். அவ்வளவுதான் என் சம்பவம்.

இதில் எல்லாரும் தெரிந்துகொள்ள வேண்டியது: உதவினால் போலீஸ், கோர்ட் என்று அலையவேண்டும் என்ற பயம் இப்போது தேவையே இல்லை. 2016-இல் உச்ச நீதிமன்றம் உதவுகிறவர்களைப் பாதுகாக்கும் விதிமுறைகளுக்குச் சட்டத்தின் பலம் கொடுத்துவிட்டது. 2019-இல் மோட்டார் வாகனச் சட்டத்திலேயே 134ஏ என்று ஒரு பிரிவு சேர்த்துவிட்டார்கள். நல்ல எண்ணத்தில் உதவப்போய் அடிபட்டவருக்கு ஏதாவது ஆகிவிட்டாலும் உங்கள்மேல் சிவில் வழக்கோ கிரிமினல் வழக்கோ போடமுடியாது. பெயர், முகவரி சொல்லச் சொல்லி யாரும் கட்டாயப்படுத்தக் கூடாது. ஆஸ்பத்திரியில் உங்களைப் பிடித்து வைக்கக்கூடாது, பணம் கட்டச் சொல்லக்கூடாது. தமிழ்நாட்டில் 2021 டிசம்பரிலிருந்து “இன்னுயிர் காப்போம் - நம்மைக் காக்கும் 48” திட்டம் இருக்கிறது. விபத்தில் சிக்கியவருக்குத் திட்டத்தில் சேர்ந்த மருத்துவமனைகளில் முதல் 48 மணி நேரச் சிகிச்சை இலவசம். தனியார் மருத்துவமனைகளும் பட்டியலில் உண்டு.

செய்யக்கூடாதவை: தண்ணீர் கொடுக்காதீர்கள். ஹெல்மெட்டை வெடுக்கென்று கழற்றாதீர்கள். கழுத்தை மடக்கித் தூக்காதீர்கள். ரத்தம் வரும் இடத்தில் சுத்தமான துணியை வைத்து அழுத்திப் பிடியுங்கள், எடுத்து எடுத்துப் பார்க்காதீர்கள். முதலில் உங்கள் வண்டியை ஓரமாக நிறுத்தி இண்டிகேட்டர் போடுங்கள், இல்லாவிட்டால் அடுத்த அடி உங்களுக்கு. 108-க்குப் போன் செய்யும்போது ஊர்ப் பெயரை மட்டும் சொல்லாமல் கிலோமீட்டர் கல் எண்ணையும் சொல்லுங்கள். ஃபோன் லாக்கில் இருந்தாலும் தெரிகிற மாதிரி அவசர எண் வைத்துக்கொள்ளுங்கள். கோல்டன் ஹவர், அதாவது அடிபட்ட முதல் ஒரு மணி நேரம், என்பது வெறும் பேச்சு இல்லை.

---

வைகைக்காரன்

ஹெல்மெட் அண்ணே, சம்பவம் நாலு வரி, சட்டம் நாப்பது வரி. நல்ல விஷயம்தான், தனியாகப் போட்டிருக்கலாம். அந்த ஆட்டோக்காரர் 134ஏ படித்துவிட்டா ஏற்றினார்?

இங்கே எல்லாரும் பெயர் தெரியாதவர்களைச் சொல்கிறீர்கள். நான் பெயரோடு சொல்கிறேன். மதுரை வில்லாபுரம் லீலாவதி. மார்க்சிஸ்ட் கட்சி கவுன்சிலர். அந்தக் காலத்தில் வில்லாபுரத்தில் தண்ணீர் என்றால் காசு, காசு என்றால் தண்ணீர் வியாபாரம் செய்கிறவன். வார்டுக்குக் குழாயில் தண்ணீர் கொண்டுவர அந்த அம்மா மல்லுக்கட்டினார், கொண்டும் வந்தார். 1997 ஏப்ரல் 23, பட்டப்பகல், கடைத்தெருவில் வைத்து வெட்டிக் கொன்றார்கள். கவுன்சிலராகி ஒரு வருஷம்கூட ஆகவில்லை.

எனக்கு அப்போது பள்ளிக்கூட வயது. என் அத்தை வீடு அந்தப் பக்கம். மறுநாள் காலை அத்தை குடத்தை எடுத்தார். “இன்னைக்குப் போகாத” என்றார் மாமா, வாசலை மறித்துக்கொண்டு. “தண்ணி வந்திருக்குல்ல. புடிக்காம விட்டா அது எதுக்கு வந்துச்சு” என்று சொல்லிவிட்டு அவர் கைக்குக் கீழே குனிந்து போய்விட்டார். குழாயடியில் யாரும் இல்லையாம், அத்தை மட்டும்தான். இரண்டாவது குடம் நிரம்பும்போது எதிர்வீட்டுக்காரம்மா வந்தாராம்.

பெரிய ஆளைப் பற்றி வருஷா வருஷம் கூட்டம் போடுகிறார்கள், போடட்டும், வேண்டியதுதான். எனக்கு அத்தை குனிந்து போனதுதான் கண்ணில் நிற்கிறது.

---

நல்லூர்ப் பெடியன்

வைகைக்காரன் எழுதியதை வாசித்தபிறகுதான் இதை எழுதத் தோன்றியது. 1989 செப்டம்பர் 21. ராஜினி திராணகம. யாழ்ப்பாணப் பல்கலைக்கழக மருத்துவ பீடத்தில் உடற்கூற்றியல் துறைத் தலைவி. இந்தியப் படை செய்ததையும் எழுதினா, எங்கட இயக்கங்கள் செய்ததையும் எழுதினா. பின்னேரம் கம்பசிலிருந்து சைக்கிளில் வீட்டுக்குப் போகேக்கை சுட்டுப்போட்டாங்கள். முப்பத்தைந்து வயசு.

நான் அப்ப ரியூட்டரிக்குப் போகிற வயசு. அடுத்த நாள் வகுப்பில் ஒருத்தரும் அதைப் பற்றிக் கதைக்கவில்லை. வீட்டிலும் கதைக்கவில்லை, அயலிலும் இல்லை. பெயரைச் சொன்னால் யார் காதில் விழும் என்று தெரியாது. விலங்கியல் படிப்பிக்கிற மாஸ்டர் வந்தார். பலகையில் அவவின் பெயரை முழுசாக எழுதினார். கீழே திகதி. பிறகு வழமைபோல இருதயத்தின் படத்தைப் பக்கத்தில் கீறி, பாடத்தைத் தொடங்கினார். ஒரு மணித்தியாலமும் அந்தப் பெயர் அங்கேயே இருந்தது. நாங்கள் படத்தையும் கொப்பியில் கீறினோம், பெயரை எழுதுவதா விடுவதா என்று ஆளை ஆள் பார்த்துக்கொண்டோம்.

மாஸ்டருக்கு ஒன்றும் நடக்கவில்லை. இதைச் சொல்லவேண்டும், ஏனென்றால் இங்கே எல்லாக் கதையிலும் யாருக்காவது ஏதாவது நடக்குது. கடைசிவரை படிப்பிச்சுப்போட்டு வயசுபோய்த்தான் செத்தார். ஆனால் அண்டைக்கு அவருக்கு அது தெரியாதே.

---

க்யூப் டெஸ்ட்

சிவில் ஆட்களுக்கு உடனே புரியும். ஒரு பாலம் வேலை. எம் 35 கான்கிரீட், அதாவது பலம் 35 வரவேண்டும். கலவையில் வார்த்த கட்டியை (க்யூப்) 28-ஆம் நாள் மெஷினில் உடைத்துப் பலம் பார்க்கிறோம். டெஸ்டுக்கென்று நல்ல கலவையில் தனியாக வார்த்து வைக்கிற க்யூப் எல்லா சைட்டிலும் உண்டு. இந்த முறை லேப் டெக்னீஷியன் அதைத் தொடவில்லை. நேராக ஊற்றுகிற இடத்தில் எடுத்த கலவையில் வார்த்துவிட்டார். டிப்ளமா முடித்த பையன், கான்ட்ராக்டர் சம்பளத்தில் இருப்பவன். உடைத்தால் 24, 26 என்று வருகிறது.

“38 போட்டு எடுத்துட்டு வா” என்றார் பெரியவர். பையன் போனான். வந்தான். ரிப்போர்ட்டில் 24, 26. காகிதம் ஃபேன் காற்றில் பறக்காமல் இருக்க உடைந்த க்யூப் துண்டு ஒன்றை அதன்மேல் வைத்தான். புது மேஜை, கண்ணாடி போட்டது. அதன்மேல் கரகரவென்று வைத்தான். “மெஷின் சொன்னதுதான் சார். வேற எழுதணும்னா நீங்க எழுதிக் கையெழுத்துப் போட்டுக்கோங்க.”

பெரியவர் எழுதவில்லை. அதுதான் எனக்கு இன்றுவரை புரியாத விஷயம். அடுத்தவனை எழுதச் சொல்ல முடிகிறது, தானே எழுத முடியவில்லை. அந்தப் பகுதியை இடித்துத் திரும்பப் போட்டோம். மாதக் கடைசியில் பையனை “ஆள் குறைப்பு” என்று அனுப்பிவிட்டார்கள்.

இந்த இழையில் ஒரு விஷயம் எனக்கு உறுத்துகிறது. எல்லாரும் முகத்தைக் காட்டிக்கொண்டு நின்றவர்களையே சொல்கிறீர்கள். சத்யேந்திர துபேவை எதில் சேர்ப்பீர்கள்? தேசிய நெடுஞ்சாலை ஆணைய இன்ஜினியர், கான்பூர் ஐ.ஐ.டி. தங்க நாற்கர நெடுஞ்சாலை வேலையில் நடக்கும் ஊழலைப் பிரதமர் அலுவலகத்துக்கு எழுதினார். பெயரை வெளியே விடாதீர்கள் என்று அதிலேயே கேட்டிருந்தார். கடிதம் பெயரோடேயே துறை துறையாகச் சுற்றியது. 2003 நவம்பர் 27, கயாவில் சுட்டுக் கொல்லப்பட்டார். முகம் காட்டாமல் இருக்க நினைத்ததால் அது குறைந்துவிடுமா? அதற்குப் பிறகு தகவல் கொடுப்போர் பாதுகாப்புச் சட்டம் என்று 2014-இல் ஒன்றை நிறைவேற்றினார்கள். நிறைவேற்றியதோடு சரி, அமலுக்குக் கொண்டுவரவில்லை. ஹெல்மெட் அண்ணன் மாதிரி “சட்டம் இருக்கிறது, பயப்படாதீர்கள்” என்று நான் சைட் பையன்களிடம் சொல்லமுடியாது.

---

ஹெல்மெட் போடுங்க

நான் விபத்துச் சட்டத்தைப் பற்றித்தான் சொன்னேன். இரண்டையும் போட்டுக் குழப்பவேண்டாம். 134ஏ அமலில் இருக்கிறது. அப்புறம், முதல் பதிவு போட்டவருக்கு: ஆளை செப்டிக் டேங்கில் பாதுகாப்புக் கருவி இல்லாமல் இறக்குவது, கையால் மலம் அள்ளுவதைத் தடை செய்யும் 2013 சட்டப்படி குற்றம். முதல் தடவைக்கே இரண்டு வருஷம் வரை சிறை அல்லது இரண்டு லட்சம் வரை அபராதம் அல்லது இரண்டும். இறந்தால் இழப்பீடு முன்பு 10 லட்சம், 2023 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் அதை 30 லட்சமாக்கியது. 14420 என்று உதவி எண் இருக்கிறது. நீங்கள் அங்கேயே போன் செய்திருந்தால்

---

ஹெல்மெட் போடுங்க

பாதியில் போய்விட்டது. போன் செய்திருந்தால் இயந்திரத்தோடு ஆள் வந்திருப்பார்கள், அந்த அம்மா நாற்காலி போட்டு உட்காரவேண்டிய அவசியமே வந்திருக்காது.

---

தரைத்தளம்

14420 எங்கள் நோட்டீஸ் போர்டிலேயே ஒட்டியிருக்கிறது அண்ணே. மெயின்டனன்ஸ் பாக்கி வைத்தவர்கள் பட்டியலுக்குப் பக்கத்தில். எண் தெரியாமல் யாரும் சும்மா நிற்கவில்லை. ஃபோன் பத்துப் பேர் கையிலும் இருந்தது, இரண்டு பேர் வீடியோ எடுத்துக்கொண்டிருந்தார்கள்.

பழைய மாணவனுக்கு: உங்கள் கோபத்தைப் படித்ததும் எனக்கு அந்தப் பையன்தான் ஞாபகம் வந்தான். இன்னும் இருநூறு கேட்டவன். அவனுக்கும் அந்த அம்மாவுக்கும் நடுவில் யார் பக்கம் என்று கேட்டால் எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. கூலி அவனுடையது. சங்கம் மாதம் முப்பத்தைந்து வீட்டில் வசூல் பண்ணுகிறது, சேற்றைத் தண்ணீர் பீய்ச்சிக் கரைக்கிற ஜெட்டிங் வண்டி வரவழைக்கக் கூடுதல் காசு ஆகும் என்பதுதான் மொத்தக் கதையும். அந்தக் காசைக் கடைசியில் ஃபால்ஸ் தைக்கிறவர் கொடுத்தார்.

---

தேர்வுப் பணி

ஏரிக்கரை, ஒரு சந்தேகம். அந்தப் பாட்டி படிக்கச் சொன்ன தீர்மானத்தில் என்னதான் இருந்தது? அதைச் சொல்லாமலே போய்விட்டீர்கள்.

---

ஏரிக்கரை

மன்னிக்கவும், எங்கள் பக்கத்துக்காரர்களுக்குத் தெரியும் என்று விட்டுவிட்டேன். ஏரியில் சவுடு மண் எடுக்க ஆட்சேபணை இல்லை என்ற தீர்மானம். தலைப்பில் “ஏரி தூர்வாருதல்” என்றுதான் இருந்தது, அதனால்தான் கிளார்க் தலைப்போடு நிறுத்தினார்.

தீர்மானம் நிறைவேறிவிட்டது. பாட்டி கைநாட்டு ஒன்று குறைந்ததால் எதுவும் நிற்கவில்லை, நோட்டில் நூறுக்கு மேல் இருந்தது. லாரி வந்தது, போனது, கரை ஓரத்திலேயே தோண்டி மதகுப் பக்கம் பள்ளமாக்கிவிட்டார்கள். பாட்டியின் மகனுக்கு அங்கேயே லோடு எண்ணுகிற வேலை கிடைத்தது. அந்தச் சம்பள அரிசியைப் பாட்டி சாப்பிட்டாரா என்று யாராவது கேட்பீர்கள். சாப்பிட்டார். ஒரே வீடு, வேறு உலை ஏது.

தகவல் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் ஸ்டாம்ப் ஒட்டித் தீர்மான நகல் கேட்டு ஊரில் ஒரு பையன் இப்போது மனு போட்டிருக்கிறான். முப்பது நாள் கெடு தாண்டிவிட்டது, மேல்முறையீடு எழுதிக்கொண்டிருக்கிறான். அடுத்த கூட்டம் நவம்பர் 1. பாட்டியைக் கூப்பிட்டு உட்கார வைக்கலாம் என்று பேசிக்கொள்கிறார்கள். மகன் விடுவானா என்று பார்க்கவேண்டும்.